ஏழாம் கிளையின் ஸ்மால் சட்டைகள்

ஏழாம் கிளையில் ஸ்மால் சட்டை போட்டுப் பார்த்த முதல் ஆள், ட்ரையல் ரூமுக்குள் போகும்போது ஆறடி உயரமும் தொண்ணூற்றெட்டு கிலோ எடையும் இருந்தார். வெளியே வந்தபோது சட்டை அவருக்குக் கச்சிதமாக இருந்தது. சரக்கு யார்டில் மூட்டை தூக்குகிற அவரைப் பீப்பாய் என்று கூப்பிடுவார்கள். தரையில் புரண்ட பேன்ட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, கண்ணாடியில் முன்னும் பின்னும் பார்த்துவிட்டு, பேன்ட்டிலும் ஸ்மால் ஒன்று கேட்டார். பில் போடும் பெண் இரண்டையும் பையில் போட்டுக் கொடுத்தாள். அது ஒரு செவ்வாய்க்கிழமை, காலை பதினொன்றரை மணி. அன்று மொத்தம் பதினான்கு உருப்படி விற்றதாகப் பதிவு இருக்கிறது.

அந்த ஜவுளி நிறுவனத்துக்கு இருபத்து மூன்று கிளைகள். எல்லாக் கிளைக்கும் சட்டை கட்டாகத்தான் வரும். ஒரு கட்டில் ஸ்மால் மூன்று, மீடியம் இரண்டு, லார்ஜ் ஒன்று. நிறுவனத்தைத் தொடங்கியவர் முதல் கடையை ஒரு கல்லூரி விடுதிக்கு எதிரே வைத்திருந்தார். விடுதிச் சாப்பாட்டில் வளர்ந்த பையன்கள் ஈர்க்குச்சி மாதிரி இருந்ததால் அந்தக் கணக்கு அன்றைக்குச் சரி. பிறகு அவர் இறந்தார், விடுதியை இடித்தார்கள், கட்டு மட்டும் நின்றது. கணினி வந்தபோது முதலில் உள்ளே போட்டது அந்தக் கணக்கைத்தான். ஏழாம் கிளையோ சரக்கு யார்டுக்கும் லாரிப் பட்டறைகளுக்கும் நடுவில் இருந்தது. அங்கே ஆண்கள் கதவுக்குள் பக்கவாட்டில்தான் நுழைவார்கள். கட்டில் வந்த ஒற்றை லார்ஜ், காலை டீ வருவதற்குள் போய்விடும். லார்ஜ் தீர்ந்தது என்று கணினி பார்க்கும், உடனே இன்னொரு கட்டு அனுப்பும். அதில் மறுபடியும் மூன்று ஸ்மால். கிளை திறந்த நாலாவது வருடம் ஸ்மால் சட்டைகள் குடோனை நிறைத்து, படிக்கட்டில் ஏறி, ஊழியர்கள் சாப்பிடும் அறைக்கு வந்தன. எல்லாரும் நின்றுகொண்டே சாப்பிடப் பழகினார்கள்.

கிளையின் மேனேஜர் ஒரு பெண். விற்பனைப் பெண்ணாகச் சேர்ந்து முப்பத்து நாலு வயதில் அந்த நாற்காலிக்கு வந்தவள். மாதத்தின் முதல் வேலைநாளில் தலைமை அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதுவாள்: கட்டைப் பிரியுங்கள், லார்ஜைத் தனியாக அனுப்புங்கள். மூன்றாம் நாள் பதில் வரும். தங்கள் கருத்தை மதிக்கிறோம், கட்டு என்பது நிறுவனத்தின் கொள்கை, இது கணினி உருவாக்கிய கடிதம், கையெழுத்து தேவையில்லை. முதல் இரண்டு வருடம் அவளுக்குக் கோபம் வரவில்லை. தன் சொல்லில்தான் ஏதோ குறை என்று நினைத்து, வாக்கியங்களை மாற்றி மாற்றி எழுதினாள். நூறு வாடிக்கையாளர்களின் தோளை டேப் வைத்து அளந்து அட்டவணை போட்டாள். செவிடன் காதில் ஊதிய சங்கு என்பார்கள். ஊதுகிறவளுக்கு வாய் வலிக்கும் என்பதை அந்தப் பழமொழி சொல்வதில்லை.

பீப்பாய் வந்த செவ்வாய்க்கிழமை அவள் அப்படிப்பட்ட ஒரு பதிலைப் படித்துவிட்டுத்தான் நின்றிருந்தாள். லார்ஜ் இருக்கிறதா என்று அவர் கேட்டதும், வாயில் வந்த எரிச்சலை விழுங்கி, கையில் கிடைத்த ஸ்மாலை நீட்டி, விற்பனைப் பெண்ணாக இருந்த காலத்துப் பேச்சைப் பேசினாள்: “போட்டுப் பாருங்க சார், உங்களுக்குன்னே தைச்ச மாதிரி இருக்கும்.” மூச்சை இழுத்துக் கடைசிப் பொத்தானைப் போட்டவர்கள் எல்லாருக்கும் அப்படியே ஆயிற்று. மூன்றாவது ஆளுக்கு நடந்த பிறகு அவள் ட்ரையல் ரூம் வாசலில் ஒரு பலகை மாட்டினாள், ஸ்மால் போட்டுப் பார்க்க அனுமதி இல்லை என்று. விற்பனை படுத்தது. ஆறு மாதத்துக்கு மேல் கிடக்கும் சரக்கு மூன்றில் ஒரு பங்கைத் தாண்டினால் கிளை மூடப்படும் என்று தாக்கீது வந்தது. கிளையில் அவளுக்குக் கீழே பத்தொன்பது பேர் வேலை பார்த்தார்கள். அவள் பலகையைக் கழற்றினாள். அதை மட்டும் எந்தக் கடிதத்திலும் எழுதவில்லை.

அடுத்த ஆறு வருடத்தில் அந்தப் பக்கத்து ஆண்களில் பெரும்பாலோர் சிறுத்தார்கள். யாரும் புகார் கொடுக்கவில்லை. பீப்பாயைக் குடம் என்று மாற்றிக் கூப்பிட ஒரு வாரம் பிடித்தது. லாரி பிரேக்குகளில் மரக்கட்டை வைத்துக் கட்டினார்கள், பஸ்ஸில் இருவர் சீட்டில் மூவர் உட்கார்ந்தார்கள், சலூன்காரர் நாற்காலிக்கு மேல் பலகை போட்டார். வருடாவருடம் கிளைகள் இடர் அறிக்கை அனுப்ப வேண்டும். தீ, வெள்ளம், திருட்டு, எலி, எதிர்க்கடை என்று பட்டியல் இருக்கும், டிக் அடிக்க வேண்டும். அவள் ‘மற்றவை’ என்ற கட்டத்தில், ஆட்கள் சிறுத்துப்போகிறார்கள், என்று எழுதினாள். அந்தக் கட்டத்தில் பன்னிரண்டு எழுத்துதான் கொள்ளும். ‘ஆட்கள் சிறுத்துப்போகிறா’ என்பதோடு நின்றுவிட்டது. விளக்கம் கேட்டு யாரும் எழுதவில்லை.

அவளுடைய கணவர் யார்டில் கிரேன் ஓட்டினார். ஊரிலேயே பெரிய உடம்பு. ஒரு நாளைக்கு முப்பது பேருக்குச் சிரித்துவிட்டு வீட்டுக்கு வந்ததும், அவர் மார்பில் தலையைச் சாய்த்துக் கண்ணை மூடிக்கொள்வாள். யாருக்கும் எதையும் விற்க வேண்டாத இடம் அது ஒன்றுதான். கடைப் படியை அவர் மிதிக்க அவள் விட்டதில்லை. அவருக்கு எல்லாம் தையல்காரரிடம். “பொண்டாட்டி ஜவுளிக்கடை, புருஷன் தையல்கடை. என்னண்ணே கூத்து இது?” என்று யார்டில் கிண்டல் செய்வார்கள். “எனக்கு அளவெடுக்க உங்க மேடம் ஒருத்தி போதாதுடா, அதான்,” என்பார் அவர்.

பதினோராவது வருடம் இறுதித் தாக்கீது வந்தது. சிறுக்க வேண்டியவர்கள் சிறுத்து முடித்து, வேண்டிய சட்டையும் வாங்கிவிட்டார்கள். மிச்சம் முந்நூற்று எண்பது ஸ்மால். மாதக் கடைசிக்குள் தீராவிட்டால் ஷட்டர். அவள் எழுதுவதை விட்டுவிட்டு நேரிலேயே கேட்பதென்று பஸ் ஏறினாள்.

தலைமை அலுவலகத்தின் ஆறாவது மாடியில் பத்து மணியிலிருந்து மூன்று மணிவரை உட்காரவைத்தார்கள். அனுப்புகைப் பிரிவு அதிகாரிக்கு அவளுடைய தம்பி வயதுகூட இருக்காது. மரியாதையான பையன். தண்ணீர் கொடுத்தான்.

“கட்டைப் பிரிக்கிற பட்டனே சிஸ்டத்துல கிடையாது மேடம். இருந்தா அமுக்க மாட்டேனா?”

“பட்டனை வைக்கச் சொல்லி யார்கிட்ட கேக்கணும்?”

“அதுக்கு நீங்க லெட்டர் போடணும்.”

அவள் சிரித்துவிட்டாள். சிரிப்பு நிற்காமல் இருமலானது. அவன் சங்கடப்பட்டு, பேச்சை மாற்ற, திரையை அவள் பக்கம் திருப்பினான்.

“ஏன் மேடம் டென்ஷன் ஆகுறீங்க? பாருங்க, உங்க கிளையில இப்பதான் ஸ்மால் பிச்சுக்கிட்டுப் போகுது. பத்து… இருபது… இந்தா, முப்பது. ஒரே ஆள் பன்னெண்டு எடுத்திருக்காரு!”

திரையில் எண் ஏறிக்கொண்டே இருந்தது. யார்டில் இன்னும் சிறுக்காமல் மிச்சமிருந்தவர்கள் முப்பத்தெட்டு பேர் என்பது அவளுக்குத் தெரியும். அவர்களை ஒரு சொல்லில் கிளப்பிக் கொண்டுவரக்கூடிய ஆள் யார் என்பதும் தெரியும். தண்ணீரைக் குடிக்காமல் பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

அவள் வந்து இறங்கியபோது கணவர் கடை வாசலில் பன்னிரண்டு சட்டை அடைத்த பையோடு நின்றிருந்தார். அவள் தோளுக்கு இருந்தார்.

“உங்களை யாரு இங்க வரச் சொன்னது?”

“நீ ராவெல்லாம் புரண்டு புரண்டு படுக்குறே. எத்தனை நாள் பாத்துக்கிட்டு இருக்கிறது? கடை தப்பிச்சுதா இல்லையா?”

“தப்பிச்சுது.”

“அப்புறம் என்ன? நல்லாத்தானே இருக்கு?” என்று காலரை இழுத்துவிட்டுக்கொண்டார்.

“நல்லா இருக்கு, அதுதான் எனக்குப் பத்திக்கிட்டு வருது!” என்று அவள் கத்திய கத்தலில் எதிரே பட்டறையில் சுத்தியல் சத்தம் நின்றது. பத்தொன்பது பேரும் கண்ணாடிக்குப் பின்னால் நின்று பார்த்தார்கள். யார் மேல் கோபப்படுவது என்று அவள் யோசித்துப் பார்த்தாள். அவர் மேலா, கட்டைக் கட்டிவிட்டுச் செத்துப்போனவர் மேலா, தண்ணீர் கொடுத்த பையன் மேலா? பலகையைக் கழற்றிய கையைத் திருப்பிப் பார்த்தாள். கோபத்தைக் கொண்டுபோய் வைக்க ஓர் இடம் இல்லாமல், அதைக் கையிலேயே வைத்துக்கொண்டு அன்று வீடு போய்ச் சேர்ந்தாள்.

கிளை மூடப்படவில்லை. கட்டின் கணக்கு பதினோரு வருடத்துக்குப் பிறகும் சரியென்று நிரூபணமானதாகச் சுற்றறிக்கை வந்தது. அடுத்த மாதம் ஸ்மால் முதலில் தீர்ந்தது, கணினி கட்டு அனுப்பியது, லார்ஜ் தேங்கியது. லார்ஜைப் போட்டால் பழையபடி ஆகுமா என்று சிலர் முயன்று பார்த்தார்கள். முழங்காலைத் தொட்டது, அவ்வளவுதான். ஸ்மாலைத் தனியாக அனுப்பும்படி அவள் எழுதினாள். மூன்றாம் நாள் பதில் வந்தது.

“நீயும் ஒண்ணு போட்டுக்கோயேன், சமமாயிடுவோம்,” என்று கணவர் ஒருநாள் சொன்னார். அவள் மாட்டேன் என்றாள். இத்தனை எரிச்சலையும் வைத்துக்கொள்ள இந்த உடம்பே போதவில்லை, இதில் குறைப்பது எங்கே என்றாள். அவர் அப்புறம் கேட்கவில்லை.

காலையில் இருவரும் சேர்ந்துதான் கிளம்புவார்கள், யார்டு கடையைத் தாண்டி இருந்ததால். முன்பு அவருடைய ஒரு எட்டுக்கு அவள் இரண்டு எட்டு வைத்து ஓடுவாள். இப்போது அவர் ஓடிவந்தார். இரண்டு நாள் பார்த்துவிட்டு, மூன்றாம் நாளிலிருந்து அவள் நடையைக் குறைத்துக்கொண்டாள். அதனால் ஏழாம் கிளை தினமும் ஐந்து நிமிடம் தாமதமாகத் திறந்தது. தலைமை அலுவலகம் விளக்கம் கேட்டது. வீட்டிலிருந்து கடைக்குத் தூரம் கூடிவிட்டது என்று ஒரே வரியில் எழுதி அனுப்பினாள். விளக்கம் ஏற்கப்பட்டது, திறக்கும் நேரம் ஒன்பது முப்பத்தைந்து எனத் திருத்தப்படுகிறது என்று மறுநாளே பதில் வந்தது. பதினோரு வருடத்தில் அவள் எழுதியதில் அவர்கள் ஒப்புக்கொண்டது அது ஒன்றைத்தான்.