ஒரு சம்படம் மண்

பாபநாசம் சோதனைச் சாவடியில் ஜீப் நின்றபோது, மற்றவர்கள் பைகளில் தொப்பியும் தண்ணீர் பாட்டிலும் பைனாகுலரும் என்னென்னவோ இருந்தன. சாரம்மாளின் துணிப்பையில் ஒரு தோசைப் பொட்டலமும், மூடி போட்ட எவர்சில்வர் சம்படம் ஒன்றும் மட்டும்தான். சம்படம் காலி. அதை நிரப்பிக்கொண்டு இறங்குவதற்குத்தான் அவள் மலையேறவே வந்திருக்கிறாள்.

எதைக் கொண்டு நிரப்ப என்றுதானே கேட்கிறீர்கள்? மண்ணைக் கொண்டு. அவள் பெற்ற பிள்ளையின் தலைமாட்டு மண்.

அவள் புருஷன் ஜெபசீலன் பாளையங்கோட்டையில் மகள் கெசியா வீட்டுக் கட்டிலில் கிடக்கிறார். நெஞ்சு பூராவும் இரைப்பு. ஆஸ்பத்திரியில் ஊசி, குழாய் எல்லாம் போட்டுப் பார்த்துவிட்டு, இனி வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். அப்படிச் சொன்னால் என்ன அர்த்தம் என்று அவருக்கும் தெரியும். போன வாரம் கஞ்சியை ஊட்டப் போன சாரம்மாளின் கையைத் தடுத்துப் பிடித்துக்கொண்டார்.

"ஏட்டி சாரா, எனக்கு ஒண்ணே ஒண்ணு செய்வியா? நம்ம ஜாபேஸ் தலைமாட்டுல ஒரு கை மண்ணு எடுத்துட்டு வந்து என் குழியில போடு. அவன் அங்கன, நான் இங்கன, ஆளுக்கொரு பக்கமாக் கெடக்க முடியாதுட்டி."

கேட்டது ஒரு கை மண்தான். ஆனால் அது கிடந்த இடம் லேசில் போகிற இடமா? வெள்ளிமொட்டை எஸ்டேட்டை மூடிச் சில வருஷம் ஆகிவிட்டது. தேயிலை வேலை பார்த்த சனத்தையெல்லாம் கீழே இறக்கியாகிவிட்டது. சாவடியில் நிற்கிறவர்கள் பழைய ஆட்களை உள்ளே விடுவதில்லை. மலையைச் சுற்றிக் காட்டும் நடைக்குப் பதிந்தவர்கள் மட்டும் போகலாம், அதுவும் வழிகாட்டியோடு, ஒரு தடவைக்கு ஒரு சிறு கூட்டம். கெசியா போனில் தட்டி அம்மாவுக்கு ஓர் இடம் பிடித்தாள். பிடித்துவிட்டு அழுதாள்.

"தம்பியப் பாக்க டூரிஸ்ட்டாப் போற நெலமை வந்துட்டே அம்மா."

"எப்படிப் போனா என்னட்டி? போனாச் சரி" என்றாள் சாரம்மாள்.

வழிகாட்டியின் பெயர் செந்தூர்பாண்டி. அடிவாரத்துக்காரர், நாற்பதைத் தாண்டிய ஆள், பேச்சில் ஒரு கிண்டல் ஓடிக்கொண்டே இருக்கும். ஜீப் கொண்டுபோய் விட்ட இடத்தில் எல்லாரையும் நிறுத்திவைத்துச் சட்டம் சொன்னார்.

"பாதையை விட்டு எறங்கப்பிடாது. அட்டை கடிச்சாக் கத்தப்பிடாது, அதுக்கும் பசிக்கும்லா. மலையில இருந்து இலை, பூ, கல்லு ஒண்ணும் எடுக்கப்பிடாது. எறங்கும்போது பையைப் பாப்பாங்க. எடுத்தா உங்களை ஒண்ணும் செய்ய மாட்டாங்க, என் வேலையத்தான் எடுப்பாங்க."

சாரம்மாள் பையை அக்குளில் இடுக்கிக்கொண்டாள்.

கூட்டத்தில் கங்கைகொண்டான் கம்பெனியில் வேலை பார்க்கும் மகேஷும் அவன் பெண்டாட்டி மதுமதியும் இருந்தார்கள். கல்யாணமாகி ஒரு மாதம்கூட ஆகாத ஜோடி. மேலப்பாளையத்து ரிட்டயர்டு டீச்சர் ஷரீபா பீவி தனியாக வந்திருந்தார். முட்டுவலியோடு எதற்கு வந்தீர்கள் என்று மகேஷ் கேட்டதற்கு, "நாப்பது வருஷமா இந்த மலையப் போர்டுல வரைஞ்சு வரைஞ்சு பாடம் நடத்திருக்கேன். ஒரு நாளாவது நெசமாப் பாக்காண்டாமா வாப்பா?" என்றார்.

நடை தொடங்கியது. ஓடைத் தண்ணீர் சலசலவென்று கூடவே வந்தது. கீழே தாமிரபரணி வெள்ளி நூலாக வளைந்து கிடந்ததைப் பார்த்து ஜோடி போட்டோவாக எடுத்துத் தள்ளியது. மழைக்கு முந்தின கடைசி நடை இது, இதற்குப் பிறகு பாதையை அடைத்துவிட்டுத் தை மாதம்தான் திறப்பார்கள் என்று செந்தூர்பாண்டி சொன்னார். சாரம்மாளுக்கு ஆறும் கண்ணில் படவில்லை, அருவியும் படவில்லை. கால் மட்டும் தானாகப் போனது. எந்தத் திருப்பத்தில் பாறை வழுக்கும், எந்த இடத்தில் வேர் தடுக்கும் என்று அந்தக் காலுக்குத் தெரிந்திருந்தது.

ஷரீபா பீவி இதைக் கவனித்துவிட்டார்.

"நீங்க இந்த மலைக்குப் புதுசு இல்ல போலிருக்கே?"

சாரம்மாள் முதலில் தயங்கினாள். பிறகு ஒவ்வொன்றாகச் சொல்லிவிட்டாள். சொல்லாமல் சுமந்தால் ஏற்றம் இன்னும் கனக்கும், இல்லையா?

முப்பது வருஷத்துக்கு மேலே இருக்கும், ஜாபேஸுக்கு அப்போது ஏழு வயது. கார்த்திகை மழை. காய்ச்சல் தலைக்கேறிவிட்டது. கீழே இறங்குகிற ரோட்டில் மண் சரிந்து கிடக்க, ஜீப் பாதிவழியில் நின்றுவிட்டது. திரும்பக் கொண்டுவந்தபோது பிள்ளைக்கு உயிர் இல்லை. தேயிலைக் காடு முடிகிற ஓரத்தில் இருந்த இடுகாட்டில் வைத்தார்கள். கல் கட்ட எஸ்டேட்டில் விட மாட்டார்கள். மரச் சிலுவை நட்டால் மழையும் கறையானும் சேர்ந்து ரெண்டு வருஷத்தில் தின்றுவிடும். ஜெபசீலனுக்குக் கவாத்து வேலை. தேயிலைச் செடி இடுப்புக்கு மேலே வளராதபடி கத்தியால் வெட்டிவிடுகிற வேலைக்குத்தான் கவாத்து என்று பேர். அவர் ஒரு தேயிலைக் கன்றைக் கொண்டுவந்து பிள்ளையின் தலைமாட்டில் நட்டார்.

"எல்லாச் செடியையும் வெட்டுத கை இது. இவனை மட்டும் வெட்ட மாட்டேன்" என்றார்.

சொன்னபடியே செய்தார். அந்தச் செடி மரமாக வளர்ந்தது. இடுப்பளவுக் காட்டில் அது மட்டும் தலையைத் தூக்கிக்கொண்டு நின்றது. சாரம்மாள் கூடையை முதுகில் மாட்டிக்கொண்டு கொழுந்து பறிப்பவள். எந்தச் சரிவில் பறித்தாலும் தலையை நிமிர்த்தினால் பிள்ளை தெரிவான். எஸ்டேட் சனம் வரிசையாகக் குடியிருந்த லயத்து வீட்டு வாசலில் நின்றாலும் தெரிவான். அவனைத் தேடிப் போக வேண்டிய தேவையே அவளுக்கு இருந்ததில்லை.

கேட்டு முடித்த ஷரீபா பீவி அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

மேட்டில் ஏறியதும் செந்தூர்பாண்டி நின்றார். "இந்தா, இதுதான் பழைய வெள்ளிமொட்டை எஸ்டேட். மொதல்ல காடா இருந்துச்சு, பெறவு தேயிலை ஆச்சு, இப்ப மறுபடி காடாவுது. ஆள் நடமாட்டமே கெடையாது."

"ஸோ பீஸ்ஃபுல்!" என்றாள் மதுமதி.

சாரம்மாள் நிமிர்ந்து பார்த்தாள். பார்த்தபடியே நின்றுவிட்டாள்.

இடுப்பளவுக் காடு எங்கே? வெட்ட ஆளில்லாமல் அத்தனை செடியும் மரமாகிவிட்டிருந்தது. ஆள் உயரத்துக்கு மேலே, இரண்டாள் உயரத்துக்கு மேலே, ஒன்றின் கிளை ஒன்றில் பின்னிக் கொடி படர்ந்து கிடந்தது. யானை ஒடித்துப் போட்ட கிளைகள் நடுநடுவே காய்ந்து தொங்கின. மேலே மஞ்சு இறங்கி, உச்சியெல்லாம் வெள்ளைக்குள் போய்விட்டது. எது உசரம், எது குட்டை? அத்தனை பேரும் அவள் பிள்ளை மாதிரியே நின்றார்கள்.

"டீச்சர்..." என்றாள்.

ஷரீபா பீவி சட்டென்று பாதை ஓரத்துப் பாறையில் உட்கார்ந்து முழங்காலைப் பிடித்துக்கொண்டார். "யா அல்லா! தம்பி, எனக்கு முட்டு பிடிச்சிட்டு. கொஞ்ச நேரம் உக்காந்தாத்தான் நடக்க முடியும்."

"இங்கனயா டீச்சர்? ஆனை வார எடம்."

"வந்தா அதுக்கும் பாடம் எடுக்கேன், நீ உக்காரு."

மகேஷ் சிரித்தான். செந்தூர்பாண்டி தலையைச் சொறிந்தார். அதற்குள் சாரம்மாள் பாதையை விட்டு இறங்கிவிட்டாள்.

இடுகாடு எந்தத் திசை என்பதில் அவளுக்குச் சந்தேகம் இல்லை. பழைய தண்ணீர்த் தொட்டிக்குக் கீழே. தொட்டி பாசி பிடித்து இருந்தது. அதற்கப்பால் எதுவரை தேயிலை, எங்கே தொடங்கி இடுகாடு என்று பிரிக்க முடியவில்லை. கிளைகளை விலக்கி விலக்கி நுழைந்தாள். ஒவ்வொரு மரத்தடியிலும் நின்று அண்ணாந்து பார்த்தாள். முப்பது வருஷமும் அவனை அப்படித்தானே பார்த்தாள்? மஞ்சு ஒரு கணம் விலகுகிற மாதிரி இருக்கும், உடனே மூடிக்கொள்ளும். இதுவோ என்று ஒன்றை நெருங்கினால் பக்கத்தில் அதே உயரத்தில் இன்னொன்று நிற்கும்.

"ஜாபேசு" என்று கூப்பிட்டுப் பார்த்தாள். பைத்தியக்காரத்தனம் என்று தெரியும். தெரிந்துதான் கூப்பிட்டாள்.

"ஏ ஆச்சி! அங்கன என்ன செய்யுதீங்க?" செந்தூர்பாண்டி கிளையை விலக்கிக்கொண்டு ஓடிவந்தார். "ஆனைத் தடம் புதுசாக் கெடக்கு. வாங்க மேல!"

"என் பிள்ளை இங்கனதான்யா கெடக்கான். எந்த மரம்னுதான் தெரியல. அவன் அப்பா சாகக் கெடக்காரு, மண்ணு கேட்டாரு."

செந்தூர்பாண்டியின் முகத்தில் இருந்த கிண்டல் போய்விட்டது. கொஞ்ச நேரம் அவரும் அண்ணாந்து பார்த்தார். அவருக்கு என்ன தெரியும், பாவம். கீழ்ப்பக்கம் எங்கோ மூங்கில் படீரென்று முறிகிற சத்தம் கேட்டது.

"ஆச்சி, நின்னா எல்லாரும் மாட்டிக்கிடுவோம். எடுக்கதை எடுத்துட்டு வாங்க. நான் பாக்கலை."

சொல்லிவிட்டு முதுகைக் காட்டித் திரும்பி நின்றார். மேலே இருந்த ஜோடியைப் பார்த்து, "அந்தா மரத்துல பாருங்க, கருமந்தி! அங்கன, அங்கன!" என்று கையை நீட்டிக் கத்தினார். மரத்தில் ஒரு மந்தியும் இல்லை.

சாரம்மாள் கைக்கு எட்டிய மரத்தடியில் உட்கார்ந்து, விரலால் கீறி, சம்படத்தில் மண்ணை அள்ளினாள். அதுதான் பெரியது என்று நினைத்தாளா, அதுதான் பக்கத்தில் இருந்தது என்பதாலா? பிறகு எவ்வளவோ யோசித்தும் அவளுக்கு அது தெரியவில்லை.

சாவடியில் பையைப் பார்க்க வந்தவரிடம் செந்தூர்பாண்டி, "ஆச்சி பையில என்ன, தோசைப் பாத்திரம். நான் பாத்துட்டேன்" என்றார். ஷரீபா பீவி பஸ் ஏறும் முன்னால் சாரம்மாளின் காதோரம் சொன்னார்: "அவரு கேட்டா, அதேதான்னு சொல்லிருங்க. படைச்சவன் மன்னிப்பான்."

சாரம்மாள் பையை இன்னும் இறுக்கி அக்குளில் இடுக்கிக்கொண்டாள். கல்யாணம் முடிந்த நாளிலிருந்து அவரிடம் பொய் சொல்லிப் பழக்கம் இல்லை. உள்ளதைச் சொல்லிவிட வேண்டியதுதான். எந்த மரம் என்று தெரியவில்லை, ஏதோ ஒன்றில் எடுத்தேன், ஏசினால் ஏசிக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிடலாம். பாளையங்கோட்டை வரைக்கும் அதையே மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தாள்.

ஜெபசீலன் விழித்துக்கொண்டுதான் கிடந்தார். சம்படத்தைத் திறந்து மூக்கருகே காட்டினாள். கண்ணை மூடி மோந்து பார்த்தார். இரைப்பு ஒரு நொடி அடங்கின மாதிரி இருந்தது.

"காடு எப்படிட்டி கெடக்கு?"

"எல்லாம் வளந்து போச்சுங்க. வெட்ட ஆளில்லாம அத்தனையும் மரமாயிட்டு." தொண்டையைச் செருமிக்கொண்டாள். இனி அடுத்ததைச் சொல்ல வேண்டும்.

அவர் முந்திக்கொண்டார்.

"வளராம என்ன செய்யும்? ஆனா நீ கண்டுபிடிச்சிருப்ப. தூரைத் தடவிப் பாத்தியாட்டி? மத்த செடியெல்லாம் என் கத்தி பட்டது. மொழங்கால் ஒசரத்துல முண்டும் முடிச்சுமா வெட்டுத் தழும்பு இருக்கும். நம்ம பிள்ளை ஒடம்புலதான் ஒரு வெட்டும் கெடையாது. வழுவழுன்னு இருப்பான்."

அவள் தூரைப் பார்க்கவே இல்லை. கொழுந்து பறித்தவள் அல்லவா? வாழ்நாள் பூராவும் செடியின் நுனியை மட்டுமே பார்த்த கண். அண்ணாந்து அண்ணாந்து மஞ்சைத்தான் பார்த்தாள். குனிந்து கையை வைத்திருந்தால் பிள்ளை கையில் அகப்பட்டிருப்பான். கண் தெரியாதவர்கூடக் கண்டுபிடித்திருப்பார்.

கட்டிலிலிருந்து அவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"தடவிப் பாத்தேன்" என்றாள் சாரம்மாள். "வழுவழுன்னுதாங்க இருந்தான்."

ஜெபசீலன் சிரித்தார். சிரிப்பு இருமலாகி, இருமல் அடங்கியதும் கையை நீட்டி அவள் உள்ளங்கையைத் தடவினார். அந்தக் கை தொட்டதைத் தானும் தொட்டுக்கொள்வது போல.

"போதும்ட்டி" என்றார்.

அந்த வாரம் கடைசியில் போய்விட்டார். கஷ்டப்படாமல், உறக்கத்திலேயே.

கல்லறைத் தோட்டத்தில் சர்ச் ஐயர் ஜெபித்து முடித்ததும் ஆளாளுக்கு மண் போட்டார்கள். சாரம்மாள் சம்படத்தைத் திறந்து, கருகருவென்று ஈரமாயிருந்த மலை மண்ணைக் குழிக்குள் கவிழ்த்தாள். அடியில் ஒட்டியிருந்ததையும் விரலால் வழித்துப் போட்டாள். கீழே கிடந்த செம்மண்ணில் அது தனியாகத் தெரிந்தது.

அதோடு அவள் விலகவில்லை. குழி ஓரத்தில் உட்கார்ந்து, தோண்டிப் போட்டிருந்த குவியலிலிருந்து ஒரு கை செம்மண்ணை அள்ளிச் சம்படத்தில் போட்டாள். இன்னொரு கை. பிறகு மூடியை அழுத்தி மூடினாள்.

கெசியா அழுகையை நிறுத்திவிட்டுப் பார்த்தாள். "அப்பா மண்ணு எதுக்கும்மா?"

சாரம்மாள் சம்படத்தின் வெளியே ஒட்டியிருந்த மண்ணைச் சேலைத் தலைப்பால் துடைத்தாள்.

"தையில பாதையைத் திறப்பாவ. போன்ல எனக்கு ஒரு எடம் போட்டு வைட்டி."