சன்னல் ஓரம் வாசித்தவர்

எங்கள் குடும்பத்தில் ஒருவரையும் எந்த இடத்திலிருந்தும் யாரும் நீக்கியதில்லை. எண்பத்து மூன்றாம் வருஷம் வரைக்கும் நான் அப்படித்தான் சொல்லி வந்தேன். கோர்ட்டில் ஆவணங்களைக் காக்கும் கிரெஃபியேவாக இருந்து ஓய்வு பெற்றவன். ஆதாரமில்லாமல் பேசுகிற வழக்கம் எனக்கில்லை.

அந்த வருஷம் எங்கள் தெரு வாசகசாலைக்குப் பவழ விழா. பழைய பத்திரிகைகளைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்து, வாசகசாலையை ஆரம்பித்தவர்களின் படங்களைச் சுவரில் மாட்டுவதாக ஏற்பாடு. என் தாத்தா கிருஷ்ணசாமி அவர்களில் ஒருவர். நாற்காலிகளில் மூட்டைப்பூச்சி அதிகமானதால் பிறகு அவரே விலகிக்கொண்டார் என்று வீட்டில் சொல்வார்கள். நான் படத்தைத் துடைத்து, வேட்டியில் சுற்றி எடுத்துப் போனேன்.

செயலாளர் பலராமன் அசையவில்லை. "ஆளாளுக்கு ஒரு தாத்தாவோட வர்றாங்க ஐயா. சுவத்துல எடமில்ல. பேப்பர்ல பேர் இருந்தா மாட்டறேன்" என்றான்.

இருவரும் உட்கார்ந்து தேடினோம். வாசகசாலை ஆரம்பித்த வருஷத்துத் தொகுதியைக் கறையான் தின்றிருந்தது. அடுத்தடுத்த வருஷங்களில் விருந்து, கல்யாணம், கப்பல் வந்த சேதி எல்லாம் இருந்தது, தாத்தா இல்லை. கடைசியில் பலராமன் பிரெஞ்சுக்காரர் ஆண்ட காலத்துப் பிரெஞ்சு வாரப் பத்திரிகை ஒன்றில் விரலை வைத்துவிட்டு என் முகத்தைப் பார்த்தான்.

வாசகசாலைக் கமிட்டியின் அறிவிப்பு அது. நிறுவன உறுப்பினர் கிருஷ்ணசாமி, சன்னல் ஓரமாக நின்றுகொண்டு, வெளியே கூடும் மில் ஆட்கள் கேட்கும்படி பத்திரிகையை உரக்கத் தமிழில் சொல்லி, உள்ளே இருந்த கனவான்களின் அமைதியைக் கெடுத்தார். பலமுறை எச்சரித்தும் கேட்காததால் நீக்கப்படுகிறார்.

தாத்தா நிறுவன உறுப்பினர் என்பதற்கு எங்கள் ஊரில் மிஞ்சிய ஒரே ஆதாரம் அதுதான்.

"படம் வேணும்னா இந்தப் பேப்பர் பக்கமும் அதுக்குக் கீழ இருக்கும். வாணாம்னா ரெண்டும் வாணாம்" என்றான் பலராமன்.

நான் வெகுநேரம் யோசித்தேன். படத்தைத் திருப்பிக் கொண்டுபோனால் தெருவே பார்க்கும். பக்கமோ பிரெஞ்சில் இருக்கிறது. இப்போது அதைப் படிக்கிறவர்கள் எத்தனை பேர்? சம்மதித்தேன்.

விழா அன்று என்னைப் போன்ற உறுப்பினர்களுக்கு மட்டும்தான் அனுமதி. மில் ஷிப்ட் முடிந்து வந்தவர்கள் சைக்கிளைச் சாய்த்துவிட்டுச் சன்னலில் எட்டிப் பார்த்தார்கள். அவர்களில், எங்கள் தெருமுனையில் குடியிருக்கும் பக்கிரி கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்டான்: "ஐயா, உங்க தாத்தா படத்துக்குக் கீழ என்னா போட்டிருக்கு?"

"நிறுவன உறுப்பினர்னு போட்டிருக்கு."

"அதுக்கா இம்மாநீளம்?"

பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். சுருக்கமாக ஏதாவது சொல்லி அனுப்பியிருக்கலாம். ஆனால் இருக்கிற ஆவணத்தை இல்லையென்று சொல்லி எனக்குப் பழக்கமில்லை. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும் தமிழில் சொன்னேன். நீக்கப்பட்டார் என்பதையும் விடவில்லை.

பின்னால் நின்றவர்கள் சன்னலை நெருங்கி வந்தார்கள்.

"எங்க ஆளுங்களுக்குப் படிச்சதுக்கா?" என்றான் பக்கிரி.

"உங்க ஆளுங்களுக்குத்தான்."

"படம் இன்னும் கொஞ்சம் மேல மாட்டியிருக்கலாம்" என்றவன், "பக்கத்துல என்னா சேதி? அதையும் படிங்களேன்" என்றான்.

பக்கத்தில் ஒரு கப்பல் சேதி. சைக்கிள் நிறுத்தம் வரைக்கும் கேட்க வேண்டுமே என்று குரலை உயர்த்தினேன். மற்ற உறுப்பினர்கள் திரும்பிப் பார்த்தார்கள். பலராமன் ஓடி வந்து, 'சிலான்ஸ்' என்று எழுதிய பழைய பீங்கான் பலகையைக் காட்டினான். உறுப்பினர்கள் அமைதி காக்க வேண்டும் என்ற விதி இன்னும் இருக்கிறதாம்.

"நீக்கறதா இருந்தா நீக்கு பலராமா" என்றேன். "ஆனா பேப்பர்ல போடணும். கிருஷ்ணசாமி பேரன்னு போட மறந்துடாத."

கப்பல் சேதியைத் தொடர்ந்தேன்.