ஓரமெல்லாம் ஓட்டை

திரையில் ‘ஒளிப்பதிவு: சகாயராஜ்’ என்று ஒரே ஒரு முறை வந்துவிட்டால் போதும் என்றுதான் இளங்கோவோடு சேர்ந்தேன். அதுவரை பெரிய ஒளிப்பதிவாளர்களுக்கு ஸ்டாண்டு தூக்கிக்கொண்டிருந்தவன் நான். இளங்கோ எடுப்பது சோதனைப் படம். கதை கிடையாது, வசனம் கிடையாது, ஆள்கூடக் கிடையாது. அவன் மாமாவின் பனியன் கம்பெனியில், நிட்டிங் மெஷின் மேல் காலை வெயில் நகர்வதைப் பதினோரு நிமிடம் வெட்டாமல் எடுக்க வேண்டும். சோதனை யாருக்கு என்று நான் கேட்கவில்லை.

கையில் இருந்தது ஒரே ஒரு பிலிம் ரோல். 2013-ல் அதைத் தேடிப் பிடிக்கவே சென்னையில் நாய் படாத பாடு பட்டோம். ஆனால் ஷாட் அமைந்துவிட்டது. பஞ்சுத் தூசியில் வெயில் இறங்கிவந்த அழகை, ரோல் தீர்ந்த பிறகும் பார்த்துக்கொண்டே நின்றேன். ரோலைக் கறுப்புப் பையில் சுற்றி, டப்பாவில் போட்டு, டேப் ஒட்டி, பிலிம் கழுவுகிற லேபுக்கு அனுப்பச் சொல்லி கேட்டில் கொடுத்துவிட்டு டீ குடிக்கப் போனேன்.

அங்கேதான் சனி பிடித்தது. அந்தக் கம்பெனியில் செக்கிங் ஆகாமல் ஒரு கர்ச்சீப்கூட வெளியே போகாது. வாட்ச்மேன் என் டப்பாவையும் செக்கிங்குக்கு அனுப்பிவிட்டார். நான் திரும்பி வந்தபோது, செக்கிங் ராமாத்தாக்கா பிலிமை மொத்தமாக உருவி, டியூப்லைட் வெளிச்சத்தில் விரித்துப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். துணியில் பழுது இருந்தால் ஒட்டுகிற சிவப்பு அம்பு ஸ்டிக்கர்கள் அதில் வரிசையாக ஒட்டியிருந்தன.

“ஏனுங்க தம்பி, ஓரம் பூரா ஓட்டையா இருக்குதுங்களே. இத எப்படீங்க அனுப்பறது?”

அது கேமராவின் பல் மாட்டுகிற ஓட்டை, வெளிச்சம் பட்ட பிலிம் செத்த பிலிம் என்று இனிச் சொல்லி என்ன பயன்? தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டேன். அக்கா பதறிப்போய், வேண்டுமானால் ஓட்டையை டெய்லரிடம் கொடுத்து அடைத்துத் தரச் சொல்வதாக ஆறுதல் சொன்னார்.

இளங்கோ மட்டும் கலங்கவில்லை. அப்படியே கழுவிப் பார்க்கலாம் என்றான். கழுவி வந்தது பதினோரு நிமிடமும் வெள்ளை வெளேரென்று ஓடியது. நடுநடுவே, ஸ்டிக்கர் வெளிச்சத்தை மறைத்த இடங்களில், மங்கலாக அம்புக்குறிகள். அவன் எழுந்து நின்று கைதட்டினான். எனக்கு அவன் கழுத்தை நெரிக்கலாம் போல இருந்தது.

கோயம்புத்தூரில் ஒரு சின்ன அரங்கில் திரையிட்டோம். ராமாத்தாக்காவை இளங்கோவே காரில் அழைத்து வந்தான். அம்பு வரும்போதெல்லாம் கூட்டம் கைதட்டியது. வெள்ளையாக ஓடினாலும் நான் எடுத்த படம்தானே, கடைசியில் பெயர் வருமே என்று நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

வந்தது. ‘ஒளிப்பதிவு: ராமாத்தாள்.’

பொறுக்க முடியாமல் இளங்கோவின் சட்டையைப் பிடித்துக் கேட்டேன். பிலிமுக்குள் ஒளியை விட்டது நீயா, அக்காவா என்று திருப்பிக் கேட்டான். எனக்கு அழுகை வந்துவிட்டது. அதற்குள் அடுத்த வரி வந்தது. ‘செக்கிங்: சகாயராஜ்.’

பக்கத்து நாற்காலியிலிருந்து ராமாத்தாக்கா என் கையைத் தட்டிக்கொடுத்தார்.

“செக்கிங்னா லேசுப்பட்ட வேலையில்லீங்க தம்பி. பேரக் காப்பாத்தோணுமுங்க.”