மூன்று நாள் கையெழுத்து

அரசு உதவி பெறும் கல்லூரி ஒன்றில் வேதியியல் கற்பித்த நாகஜோதிக்கு 2016இல் வந்திருக்க வேண்டிய பதவி உயர்வும் அதற்கான சம்பளமும் எட்டு வருடமாகியும் வரவில்லை. கல்லூரி அலுவலகம் அரசைக் கைகாட்டியது. அரசு அலுவலகம் கல்லூரியைக் கைகாட்டியது. பொறுத்துப் பார்த்துவிட்டு உயர்நீதிமன்றக் கிளையில் வழக்குப் போட்டாள்.

தீர்ப்பு நெருங்கிய நேரத்தில், யாரும் கூப்பிடாமல் ஒருவர் வழக்குக்குள் நுழைந்தார். அதே துறையில் அவளோடு பதினைந்து வருடம் வேலை பார்த்த இன்பசேகரன். பதவி உயர்வுக்குக் கட்டாயமான இருபத்தொரு நாள் பயிற்சியில் நாகஜோதி கடைசி மூன்று நாள் வரவேயில்லை, சான்றிதழ் செல்லாது என்று மனுப் போட்டிருந்தார். அவருக்கு 2017இல் உயர்வு கிடைத்திருந்தது. இவளுக்கு 2016 தேதியிட்டுக் கிடைத்துவிட்டால் இவள் மூத்தவளாகிவிடுவாள்; காலியாகப்போகும் துறைத்தலைவர் பதவி இவளுக்குப் போய்விடும்.

வக்கீல் முனீஸ்வரி மேலூர்க்காரி, சுருக்கமாகப் பேசுபவள். தகவல் உரிமைச் சட்டத்தில் பயிற்சியின் வருகைப் பதிவேட்டு நகலை வாங்கினாள். இருபத்தொரு நாளும் நாகஜோதியின் கையெழுத்து இருந்தது. கடைசிப் பக்கத்தில் முனீஸ்வரியின் விரல் நின்றது.

"இன்பசேகரன் பேருக்கு நேராவும் இந்த மூணு நாளு உங்க கையெழுத்து மாதிரியே இருக்கேக்கா?"

நாகஜோதி மறைக்கவில்லை. அதே பயிற்சிக்கு வந்திருந்த இன்பசேகரன்தான் அந்த மூன்று நாளும் வராதவர். அவர் மனைவி பிலோமினாள் கருக்கலைந்து ஆஸ்பத்திரியில் இருந்தாள். அவர் போனில் கெஞ்சியதால் அவருக்கும் சேர்த்து இவளே கையெழுத்துப் போட்டிருந்தாள். நகலைக் கோர்ட்டில் கொடுத்தால் இவளும் மாட்டிக்கொள்வாள் என்ற தைரியத்தில்தான் அதே மூன்று நாளை அவர் குறிப்பிட்டிருக்கிறார்.

மறுநாள் ஆய்வகத்தில் தனியாக இருந்த இன்பசேகரனிடம் போய், மனுவைத் திரும்பப் பெறும்படி கேட்டாள்.

"கையெழுத்துப் போட்டது நீங்க மேடம். நான் போடச் சொன்னதுக்கு என்ன ஆதாரம் இருக்கு?"

"ஆஸ்பத்திரி வாசல்ல நின்னு போன்ல அழுதது யாரு சார்?"

"அதுக்கு அன்னைக்கே தேங்க்ஸ் சொல்லிட்டேன்," என்றார், சோதனைக் குழாய்களைத் துடைத்துக்கொண்டே.

அவள் நேராக முனீஸ்வரியிடம் போனாள். நகலோடு, நடந்ததையும் ஒன்றுவிடாமல் பிரமாண வாக்குமூலமாக எழுதச் சொன்னாள். உங்களுக்கும் நடவடிக்கை வரும் என்று முனீஸ்வரி இரண்டு முறை எச்சரித்தாள்.

"வரட்டும். ஒத்தையா நான் மட்டும் போகமாட்டேன்," என்றாள் நாகஜோதி.

நாகஜோதி பயிற்சியை முடித்தது உண்மை, எட்டு வாரத்தில் எல்லாப் பலன்களையும் கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பு வந்தது. கையெழுத்து விவகாரத்தைக் கல்லூரியே விசாரிக்க வேண்டும் என்றும் கோர்ட் சொன்னது. விசாரணையில் மூன்று நாள் வராதது உறுதியாகி இன்பசேகரனின் பதவி உயர்வு ரத்தானது. வாங்கிய சம்பள வித்தியாசத்தை மாதாமாதம் பிடிக்க உத்தரவானது. நாகஜோதிக்கு ஒரு வருட ஊதிய உயர்வை நிறுத்தினார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, சர்ச்சில் பூசை முடிந்த கையோடு பிலோமினாள் நாகஜோதியின் விளாங்குடி வீட்டுக்கு வந்தாள். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

"அவரு செஞ்சதுக்கு நான் பரிஞ்சு பேச வரல," என்றாள். "எனக்குப் புள்ள கலைஞ்சத எங்க ஜெபக்கூட்டத்துக்குக்கூட நான் சொன்னதில்ல. அதைக் கோர்ட்ல எழுதிக் குடுக்க உங்களுக்கு எப்பிடி மனசு வந்துச்சு?"

எழுதச் சொன்னபோது நாகஜோதிக்குப் பிலோமினாளின் நினைப்பே வந்திருக்கவில்லை. வாசல்வரை பின்னால் போனாள். பிலோமினாள் திரும்பிப் பார்க்காமல் ஆட்டோவில் ஏறினாள்.

ஜூனில் நாகஜோதி துறைத்தலைவரானாள். புதிய கால அட்டவணையைப் போட்டபோது யாரும் விரும்பாத சனிக்கிழமையின் கடைசி மூன்று ஆய்வக வகுப்புகளையும் இன்பசேகரனுக்கு ஒதுக்கினாள். ஒன்றையாவது வேறொருவருக்கு மாற்றியிருக்கலாம். மாற்றவில்லை. அவர் அட்டவணையை வாங்கி, வாசிக்காமலேயே மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போனார்.