சிவப்பு போகாத வீடு

குருவிநத்தம் மேலத்தெருவில் இருக்கும் பதினேழு வீடுகளில் மாலை ஆறரை மணிக்கு மேல் நிறம் இருப்பதில்லை. டியூப் லைட் எரியும், வெளிச்சத்துக்குக் குறைவில்லை. ஆனால் தக்காளியும் சாம்பல், தாவணியும் சாம்பல், டி.வி. சீரியல்கூட ஆறரைக்கு மேல் கறுப்பு வெள்ளைதான். தெருமுனை டீக்கடையைத் தாண்டிவிட்டால் எல்லாம் பழையபடி இருக்கும். கேபிள்காரர் இரண்டு தடவை பெட்டியை மாற்றிப் பார்த்தார். மூன்றாம் தடவை கூப்பிட்டபோது வரவில்லை.

இதற்குக் காரணம் விருந்து நெறி. எழுபது வருஷத்துக்கு முன்னால் பாகூர் ஏரி மதகுக்குக் காவலாக இருந்த செல்லப்பன் என்பவர், வேறு வேலை இல்லாததால் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்து கண்டுபிடித்தது அது. பொருளுக்கு நிறம் கிடையாது, நிறம் ஒளியோடு வரும் விருந்தாளி, வரும்போது வா என்று சொல்ல வேண்டும், புறப்படும்போது வழியனுப்ப வேண்டும், இருந்துவிட்டுப் போ என்று கையைப் பிடித்து இழுக்கக் கூடாது. அவ்வளவுதான் நெறி. ஒரு தெருவுக்கு ஒரே சிவப்பு, ஒரே பச்சை, ஒரே நீலம்தான் உண்டு, அதுவே எல்லா வீட்டையும் பார்த்துக்கொள்கிறது என்றும் அவர் சொல்லியிருந்தார். அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. பொழுது சாயும்போது மேலத்தெருக்காரர்கள் வாசலில் நின்று ஒவ்வொரு நிறத்தையும் பெயர் சொல்லி, போயிட்டு வா என்பார்கள். எந்த வருஷத்திலிருந்து அவை உண்மையிலேயே போக ஆரம்பித்தன என்பதற்குக் குறிப்பு எதுவும் இல்லை.

அபிஷேகப்பாக்கத்திலிருந்து இந்தத் தெருவுக்கு வாழ்க்கைப்பட்டு வந்த செல்வகுமாரிக்கு முதல் நாளிலிருந்தே இது எரிச்சல். திருபுவனையில் ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலை செய்து, இரண்டு பஸ் மாறி வீடு வந்து சேர்ந்தால், குழம்பில் போட்டது மிளகாய்த்தூளா மஞ்சள்தூளா என்று நக்கிப் பார்க்க வேண்டியிருந்தது. மாமனார் சிங்காரவேலு நெறியில் ஊறியவர். தன் சட்டை நீலம் என்று ஒரு நாளும் சொல்ல மாட்டார். சட்டையில் இன்றைக்கு நீலம் வந்திருக்கிறது என்பார். அவள் ஒரு தடவைகூட வாசலில் நின்று எந்த நிறத்தையும் வழியனுப்பியதில்லை.

போன தை மாதம் அவள் புருஷன் தமிழ்க்குமரன் கரும்பு லோடு ஏற்றிய டிராக்டரிலிருந்து விழுந்து இடுப்பு எலும்பை முறித்துக்கொண்டான். ஒரு மாதத்துக்குள் ஆபரேஷன் செய்யாவிட்டால் அவன் மறுபடி நடக்க மாட்டான் என்று டாக்டர் சொல்லிவிட்டார். சிவப்பு ரேஷன் கார்டு இருந்தால் செலவில்லை. இங்கே ஏழைகளுக்குச் சிவப்பு கார்டு, மற்றவர்களுக்கு மஞ்சள் கார்டு. அவர்களிடம் இருந்தது சிவப்பு. வீட்டுக்கு வந்து கார்டைச் சரிபார்த்து எழுத வேண்டிய அலுவலர் கலைச்செல்வன், நான்கு கிராமத்தை ஒற்றை ஆளாகப் பார்ப்பவர். நாள் முழுக்க அலைந்துவிட்டு இவர்கள் வீட்டுக்கு வந்தபோது மணி ஏழு. நீட்டிய கார்டு சாம்பலாக இருந்தது. இது சிவப்பு கார்டா என்று கேட்டார். ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போயிருப்பார். ஆனால் சிங்காரவேலு பொய் சொல்லிப் பழகாதவர்.

"பகல்ல இருந்துச்சுப்பா. இப்பதான் கெளம்பிப் போச்சு."

கலைச்செல்வன் அதை அப்படியே எழுதிக்கொண்டு போனார். அடுத்த வாரம் கார்டு நிறுத்திவைக்கப்பட்டது. செல்வகுமாரி லீவு போட்டுவிட்டு ஆபீசுக்குப் போய்க் கார்டை மேஜையில் வைத்தாள். பட்டப்பகலில் அது பளிச்சென்று சிவப்பாக இருந்தது. கையில் சிவப்பாகத்தான் இருக்கிறது, ரிப்போர்ட்டில் இல்லையே என்றார்கள். மறுபடி வீட்டுக்கு வந்து பார்க்க வேண்டும் என்றார்கள். கலைச்செல்வனுக்குப் போன் செய்து பகலில் வரச் சொன்னாள். பகலில் வந்தால் எந்த வீட்டிலும் ஆள் இருப்பதில்லை என்றார் அவர். இரண்டாம் தடவையும் ஏழு மணிக்குத்தான் வந்தார். தெருமுனை வரைக்கும் வாங்க சார், அங்கே சிவப்பாகிவிடும் என்று கெஞ்சினாள். முகவரியில் வைத்துத்தான் பார்க்க வேண்டும் என்பது விதி. அவர் கெட்டவர் இல்லை, தண்ணீர் வாங்கிக் குடித்தார், தமிழ்க்குமரனிடம் வலி எப்படி இருக்கிறது என்று விசாரித்தார், கார்டு நிறமற்றது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். மனிதர்கள் கெட்டவர்களாக இருந்தால் திட்டவாவது முடியும்.

இருபத்தாறு நாள் போயிருந்தது. தெருக்காரர்கள் செல்வகுமாரி வீட்டுத் திண்ணையில் கூடிப் பேசினார்கள். சிவப்பை ஒரே ஒரு சாயங்காலம் இருக்கச் சொல்லலாமே என்று அவள் கேட்டாள். விருந்தாளியைப் பிடித்துவைப்பது அநாகரிகம் என்றார்கள். அப்புறம் இரண்டு மணி நேரம், நிறம் போகிறதா அல்லது நம் கண் அதை விட்டுப் போகிறதா என்று வாதம் நடந்தது. உள்ளே தமிழ்க்குமரன் புரள முடியாமல் முனகிக்கொண்டிருந்தது அவ்வளவு பேருக்கும் கேட்டது.

"இன்னா மனுசங்கய்யா நீங்க. அந்தாளு வாசப்படி தாண்ட முடியாம கெடக்கறாரு, நீங்க கலரு எந்தப் பக்கமா போவுதுன்னு பேசிக்கினு கீறீங்க" என்று சொல்லிவிட்டு அவள் எழுந்து போனாள்.

மறுநாள் கலைச்செல்வன் மூன்றாவதும் கடைசியுமாக வருவதாக இருந்தது. ஆறு மணிக்கே செல்வகுமாரி கதவையும் ஜன்னல்களையும் சாத்தினாள். வெளியே தெரு முழுக்க, பச்சையே போயிட்டு வா, நீலமே போயிட்டு வா என்று குரல்கள் கேட்டன. அவள் கார்டை இரண்டு கைகளுக்கு நடுவில் வைத்துக்கொண்டு, நீ மட்டும் இரு என்றாள். பச்சை போனது, நீலம் போனது, மஞ்சள் கடைசியாகப் போனது. சிவப்பு இருந்தது. ஏழு மணிக்கு வந்த கலைச்செல்வன் கார்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, இதை முதல் தடவையே காட்டியிருக்கலாமே அம்மா என்று கோபித்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார். இருபத்தொன்பதாம் நாள் ஆபரேஷன் நடந்தது. சித்திரையில் தமிழ்க்குமரன் கோலூன்றி நடந்தான்.

சிவப்பு அன்றிலிருந்து போகவே இல்லை. இரவு பகலாக அந்த வீட்டிலேயே இருந்தது. மறுநாள் காலையிலிருந்து மற்ற பதினாறு வீடுகளில் சிவப்பு வரவில்லை. செல்லப்பன் சொன்னது சரிதான், தெருவுக்கு ஒன்றுதான் இருந்திருக்கிறது. நட்டநடுப் பகலில் பதினாறு கார்டுகளும் சாம்பலாக இருந்தன. பக்கத்து வீட்டுக்காரி சின்னப்பிள்ளையின் மகளுக்கு வைகாசியில் கல்யாணம். கூரைப்புடவை சாம்பல், குங்குமம் சாம்பல். கத்திக்கொண்டு வருவாள் என்று செல்வகுமாரி காத்திருந்தாள். சின்னப்பிள்ளை குங்குமச் சிமிழை எடுத்துக்கொண்டு மெதுவாகத்தான் வந்தாள்.

"உன் புருசன் நடக்கட்டும்டி, வேணான்னு சொல்லல. எம் பொண்ணு நெத்திய பாத்தா எனக்கு வயிறு எரியுது. நான் இன்னா பண்ணட்டும் சொல்லு."

இங்கேயே வைத்துக்கொள்ளுங்கள் என்றாள் செல்வகுமாரி. கல்யாணத்தை அவள் வீட்டுக் கூடத்திலேயே வைத்துக்கொண்டார்கள். பெண்ணின் நெற்றி அங்கே சிவந்தது. தாலி கட்டி முடிந்து வாசலுக்கு வந்ததும் சாம்பலானது. போட்டோக்காரர் ஆல்பத்தில் உள்ளே எடுத்த படங்களை மட்டும் வைத்தார். அதற்குப் பிறகு எல்லோரும் எதற்கும் அங்கேதான் வருகிறார்கள். தக்காளி பழுத்திருக்கிறதா என்று பார்க்க வருகிறார்கள், குழந்தையின் கண் சிவந்திருக்கிறதா என்று பார்க்க வருகிறார்கள், கலைச்செல்வன் வரும் நாளில் பதினாறு கார்டுகளோடு வரிசையில் நிற்கிறார்கள். போன மாதம் அவர் ஒவ்வொன்றாகப் பார்த்து, எல்லாம் சிவப்பு என்று உறுதி செய்தார். பிறகு, பதினேழு குடும்பங்களும் ஒரே முகவரியில் காணப்பட்டதால் ஒரே கார்டு போதுமானது என்று எழுதிவிட்டுப் போனார். அதை எதிர்த்து மனு கொடுத்திருக்கிறார்கள்.

சாயங்காலம் ஆறரைக்கு மேலத்தெருக்காரர்கள் இப்போதும் வாசலில் நின்று நிறங்களை வழியனுப்புகிறார்கள். சிவப்பின் பெயரை மட்டும் யாரும் சொல்வதில்லை. செல்வகுமாரி இரண்டு பஸ் மாறி வந்து, பையை இறக்கிவைத்து, கதவையும் ஜன்னல்களையும் விரியத் திறந்துவிட்டு, போயிட்டு வா, போயிட்டு வா என்று தினமும் சொல்கிறாள். தொண்டை கட்டும்வரை சொல்கிறாள். தமிழ்க்குமரனும் கோலை ஊன்றிக்கொண்டு பக்கத்தில் நின்று சொல்கிறான். அது போவதில்லை. ஏழே காலுக்கு அவள் கதவைச் சாத்திவிட்டு, மிளகாய்த்தூள் டப்பாவைப் பார்த்தவுடனே எடுத்து, குழம்பு வைக்கிறாள்.