முதுகில் கோடு இல்லை

வண்டு என்று உறுதியானால் என் நர்சரியில் ஒரு தொட்டி மிஞ்சாது, எல்லாவற்றையும் கொளுத்திவிடுவார்கள். பெரணிச் செடியின் இலையில் பச்சையாக மின்னிய பூச்சியைப் பார்த்த வேளாண்துறை ஆய்வாளர், இலை தின்னும் வண்டாக இருக்குமோ என்று ஒன்றைப் பிடித்து அட்டையில் ஒட்டிக்கொண்டார். அது என்ன பூச்சி என்று சொல்ல வேண்டியவள், பூச்சி ஆய்வுக்கூடத்தில் வேலை செய்யும் என் நாத்தனார்.

அவளிடம் ஓடினேன். எதுவாக இருந்தாலும் வண்டு இல்லை என்று எழுதிவிடு என்று கெஞ்சினேன்.

"பாக்காம சொல்ல மாட்டேன் அண்ணி. வண்டுன்னா வண்டுன்னுதான் எழுதுவேன்."

கூடப் பிறந்தவன் குடும்பமாயிற்றே என்ற ஈரம் வேண்டாமா? பல்லைக் கடித்துக்கொண்டு முக்காலியில் உட்கார்ந்தேன்.

ஆய்வாளரும் வந்து சேர்ந்தார். அவசரத்தில் பூச்சியின் வயிறு முழுக்கப் பசையை அப்பி ஒட்டியிருந்தார் மனிதர். வெளியே தெரிந்தது உருண்டை முதுகு மட்டும்தான். நாத்தனார் வெந்நீரைச் சொட்டுச் சொட்டாக விட்டு, பசை ஊறும்வரை காத்திருந்தாள். பிறகு லென்சுக்குக் கீழே வைத்து, ஊசி முனையால் முதுகை மெல்ல நெம்பினாள்.

"அண்ணி, இங்க வந்து பாருங்க. வண்டுக்கு முதுகுல ரெண்டு மூடி, நடுவுல கோடு இருக்கும். இது ஒரே ஓடு. அடியில ஒரு ஜோடி றெக்கைதான். இது வண்டு மாதிரியே இருக்கிற ஈ. அழுகின சருகுலதான் வளரும், உங்க செடிய ஒண்ணும் பண்ணாது."

ஒரு கண்ணை மூடிக்கொண்டு தேடித் தேடிப் பார்த்தேன். கோடே இல்லை.

ஆய்வாளர் கையெழுத்துப் போட்டுக்கொண்டே சொன்னார்.

"சொந்தக்காரங்களுக்கு வேற யாராவது இப்படிச் சொன்னா நம்பியிருக்க மாட்டேன். இவங்க தன் வீட்டு எலுமிச்சையில வண்டு இருக்குன்னு தானே சொல்லி, அத்தனையும் வெட்ட வச்சவங்க."

அப்போது வீடே அவளைப் பிழைக்கத் தெரியாதவள் என்றது. அவளால்தான் இன்று நான் பிழைத்தேன். கடையில் ஈ ஓட்டப்போகிறாய் என்று பார்த்தால், ஈ கடையைக் காப்பாற்றிவிட்டதே என்று என் வீட்டுக்காரர் சிரித்தார்.

மறுநாள் நல்ல பெரணிகளாகப் பார்த்து வண்டியில் ஏற்றி, அவள் வீட்டில் எலுமிச்சை நின்ற காலி இடத்தில் வைக்கச் சொல்லிக் கொண்டுபோனேன். நீ நல்லா இருக்கணும் என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னேன். அவள் சிரித்தாள். ஆனால் தொட்டிகளை வாசல் கேட்டுக்குள் விடவில்லை. லென்சைக் கண்ணில் வைத்துக்கொண்டு குனிந்தாள்.

இந்த முறை எனக்குக் கோபம் வரவில்லை. ஒவ்வோர் இலையாக நானே புரட்டிக் காட்டினேன்.