தலைவரின் ஓலை

அந்த ஃபிஜித் தீவில் இருந்ததே மூன்று விசிறிப்பனைகள்தான். அவற்றில் ஒன்றிலிருந்து தவறி விழுந்து செத்தபோதும், ஊர்த் தலைவருக்காக வெட்டிய ஓலையை நெதானி கைவிடவில்லை. அதே ஓலையால் அவன் உடம்பில் மொய்த்த ஈக்களை விரட்டிக்கொண்டிருந்தாள், மனைவி செரைமா.

தலைவரின் ஆள் கொலினியோ வந்து கையை நீட்டினான்.

"குடு தாயி. இந்த ஓலைய தலைவரு மட்டுந்தான் வீசணும். நமக்குத்தான் தாழை விசிறி இருக்கே."

"மரம் ஏற மட்டும் நாங்களா? ஓலை வேணும்னா அவர வரச் சொல்லு. இங்க உக்காந்து என் புருசனுக்கு ஈ ஓட்டிட்டு வாங்கிட்டுப் போகட்டும்."

"மெதுவாப் பேசு. அவரு காதுல விழுந்துரும்."

"விழட்டும்னுதான் பேசறேன்."

மறுநாள் குழிக்குள் அவன் நெஞ்சின் மேல் ஓலையை விரித்து, முதல் மண்ணை அவளே தள்ளினாள். அந்தக் கோடையில் தலைவர் தாழை விசிறிதான் வீசினார். பனையில் ஏற ஊரில் ஒருவரும் வரவில்லை.